இரண்டாவது மைக்

வாங்க தம்பி, உள்ள வாங்க. அந்தச் சேர் வேண்டாம், ஒரு கால் ஆடும். இதுல உக்காருங்க. வீட்டம்மா இல்ல, அதனால காப்பிக்கு வழியில்ல, தண்ணி தர்றேன். அவ என் தங்கச்சி கோமு வீட்டுக்குப் போயிருக்கா. அவ போலாம், வரலாம். நான்தான் அந்தப் பக்கம் போக முடியாது. அந்தக் கதைக்குத்தான் வர்றேன்.

எந்தக் கட்சின்னு சொன்னீங்க? ம். போன தேர்தல்ல நான் மொழிபெயர்த்தது உங்களுக்கு எதிரா நின்ன கட்சியோட தலைவருக்கு. தெரிஞ்சுதான் வந்திருக்கீங்க போல. பரவாயில்ல, இந்தி எல்லாக் கட்சிக்கும் ஒண்ணுதான். ஆனா உங்க கூட்டத்துக்கு மொழிபெயர்க்க வர்றேன்னு உடனே சொல்லிர மாட்டேன். எனக்கு மனசு சரியில்ல. இந்தச் சங்கரநாராயணன் அப்படி என்ன செஞ்சுட்டான்னு நீங்க முழுசாக் கேக்கணும். டிவியில ஒரு நிமிஷத்துல சொல்லிட்டுப் போயிட்டாங்க, மொழிபெயர்ப்பாளர் செய்த பிழைன்னு. பிழையாம். என்னைப் பாத்து.

நான் பிரவீண் வரைக்கும் பாஸ் பண்ணவன் தம்பி. இந்திச் சபா நடத்துறதுல அதுக்கு மேல பரீட்சை கிடையாது. எங்க ஊருல ஸ்டேஷன் போர்டுல இருந்த இந்தி எழுத்து மேல தார் பூசினாங்கல்ல ஒரு காலத்துல, அவங்க பேரப்பிள்ளைகளுக்கெல்லாம் நான்தான் டியூஷன். சாயந்தரம் ஆனா இந்த முற்றம் நிறைஞ்சிரும். பிள்ளைய விட வந்த தாத்தா உள்ள வர மாட்டாரு, தெருவிலேயே நிப்பாரு. நான் ஆரம்பிச்ச புதுசுல என் போர்டுல சாணி அடிச்சிருக்காங்க. கடைத்தெருவுல நான் நடந்து போனா, "இந்தி போகுது பாரு"ம்பாங்க. என் பேரே அதான். ஒரு மனுசன் பிறந்த ஊருலயே அசலூர்க்காரன் மாதிரி இருந்திருக்கேன். அது எவ்வளவு கஷ்டம்னு உங்களுக்குத் தெரியாது.

சரி, மேடைக்கு வர்றேன். வடக்கேயிருந்து தலைவர் வருவாரு. இந்தியில பேசுவாரு. நம்ம ஜனத்துக்கு ஒரு எழுத்து புரியாது. அதனால அவருக்குப் பக்கத்துல ரெண்டாவது மைக் ஒண்ணு வச்சு ஒருத்தன நிறுத்துவாங்க. அவரு ஒரு வாக்கியம் சொல்லி நிறுத்துவாரு. நான் தமிழ்ல சொல்லணும். ஜனம் கண்ணால அவரைப் பாக்கும், காதால என்னைக் கேக்கும். நல்லா கவனிங்க தம்பி. காதால என்னை.

இதுல ஒரு சூட்சுமம் இருக்கு. நான் சொல்லி முடிச்ச உடனே கைதட்டல் விழுகலைன்னா, தலைவரு திரும்பி என்னை ஒரு பார்வை பாப்பாரு. ஏதோ அவரு தங்கத்தைக் குடுத்து, நான் அதைத் தகரமாக்கிட்ட மாதிரி. அவரு பேச்சு நல்லா இல்லைன்னு அவருக்கு என்னைக்குமே தோணாது. அதனால கைதட்டலுக்குப் பொறுப்பு என் தலையில. கோதுமை வயல்னு அவரு சொன்னா நான் நெல்லு வயல்னு சொல்வேன். கடுகெண்ணெய்ம்பாரு, நான் நல்லெண்ணெய் ஆக்கிருவேன். குளிர்ல நடுங்குற ஏழைன்னு உருகுவாரு. சித்திரை மாசம், தகரப் பந்தலு, ஜனம் வேர்த்து ஊத்தி நிக்குது. அங்க போய்க் குளிரைச் சொன்னா சிரிக்க மாட்டானா? வெயில்ல வேகுற ஏழைன்னு மாத்திருவேன். இதெல்லாம் பிழையா? சொல்லுங்க.

பாடப் புத்தகத்தை மொழிபெயர்க்கிறது வேற, கூட்டத்துக்கு மொழிபெயர்க்கிறது வேற. அதைத் தெரியாதவங்கதான் என்னைப் பேசுறாங்க.

எங்க ஊரு மில்லு உங்களுக்குத் தெரியுமா? பஸ்ஸுல வரும்போது ரயில்வே கேட்டுக்கு முன்னால ஒரு நீளச் சுவரு பாத்திருப்பீங்க, அதான். நூல் மில்லு. மத்திய சர்க்காரு நடத்தினது. எங்க ஊருல வீட்டுக்கு ஒருத்தர் அதுலதான் வேலை. ஒரு நாள் தற்காலிக நிறுத்தம்னு கேட்டுல நோட்டீஸ் ஒட்டினாங்க. தற்காலிகம் அப்படியே வருஷக்கணக்கா நீண்டு போச்சு. கோமு வீட்டுக்காரர் வேலாயுதம், எனக்கு மாப்ள, அவரும் அங்க ஸ்பின்னிங்ல இருந்தவர்தான். மில்லு நின்ன பெறகு திருப்பூருக்குப் போயிட்டாரு, ஒரு பனியன் கம்பெனியில சேந்துட்டாரு. மனுசன் கெட்டிக்காரர், ரெண்டே வருஷத்துல அங்க சூப்பர்வைசர் ஆயிட்டாரு. மாசத்துக்கு ஒரு தடவை வருவாரு. மக மங்கை இங்க காலேஜ்ல படிக்குறா. அவளுக்கு இந்தி நான்தான் சொல்லிக்குடுத்தேன். என் மாணவர்கள்ல அவளுக்கு மேல யாருமில்ல. அதையும் ஞாபகம் வச்சுக்கோங்க.

கூட்டத்தன்னைக்கு தலைவரு விமானம் தாமதம். ஜனத்தை மத்தியானமே வேன்ல கொண்டு வந்து இறக்கிட்டாங்க. தண்ணிப் பாக்கெட்டு தீந்து போச்சு. அவரு வந்து மைக்கைப் பிடிக்கும்போது பொழுது சாயப்போவுது. வந்தவரு எல்லையைப் பத்தி ஆரம்பிச்சாரு. பனிமலையில காவல் நிக்குற வீரன், அந்நியன் சூழ்ச்சி, பழைய பெருமை. நானும் என்னால முடிஞ்ச மட்டும் தாளிச்சுப் பாத்தேன். பிடிக்கல. பின்வரிசையில பொம்பளைங்க எழுந்து சேலையைத் தட்ட ஆரம்பிச்சுட்டாங்க. வேட்பாளர் கனகராஜ் பின்னாலேயிருந்து என் சட்டையைப் பிடிச்சு இழுக்குறாரு. "சார், கூட்டம் கலையுது சார். ஏதாச்சும் பண்ணுங்க சார்." அவரு சொன்னது என் காதுல இன்னும் இருக்கு. ஏதாச்சும் பண்ணுங்கன்னாரு. இன்னைக்கு அவரு எம்.பி. அப்படிச் சொன்னதே ஞாபகம் இல்லங்கிறாரு.

அப்ப தலைவரு, யாரோ எழுதிக் குடுத்த சீட்டைப் பாத்து, "இந்த ஊர் நூலைப் பத்தி நான் கேள்விப்பட்டிருக்கேன்"ன்னு ஒரு வார்த்தை சொன்னாரு. நான், "நம்ம மில்லு நூலோட பெருமை டெல்லி வரைக்கும் தெரிஞ்சிருக்கு"ன்னேன். தம்பி, மில்லுங்கிற சொல்லு வாயில வந்ததும் எழுந்த பொம்பளைங்க அப்படியே நின்னுட்டாங்க. அன்னைக்கு முதல் கைதட்டல் அதுதான். தலைவரு முகம் மலர்ந்துருச்சு. கை ரெண்டையும் தூக்கி, "தேஷ் ஃபிர் உட்டேகா"ன்னாரு. நாடு மறுபடி எழும்னு அர்த்தம்.

நான் ஜனத்தைப் பாத்தேன். நாடு எழுறதுக்கா அவங்க வெயில்ல காத்துக் கிடந்தாங்க? என் வாயில வந்துச்சு: "மூடின மில்லு மறுபடி ஓடும்."

அந்தச் சத்தத்தை நான் எப்படிச் சொல்றது. பந்தல் தகரம் அதிர்ந்துச்சு. தலைவரு அசந்து போயிட்டாரு. நாடு எழும்னதுக்கு இம்புட்டு ஆரவாரமான்னு அவருக்குச் சந்தோஷம். மறுபடியும் அதையே சொன்னாரு, இன்னும் சத்தமா. தேஷ் ஃபிர் உட்டேகா. நான், "ஓடும், ஓடியே தீரும்"னேன். இன்னும் பெரிய சத்தம். அவரு மூணாவது தடவையும் சொன்னாரு. ஒரே வார்த்தையை மூணாவது தடவையும் அப்படியே சொன்னா சப்புன்னு போயிரும். அதனால நான், "ஆறே மாசத்துல ஓடும்"னேன். ஆறு மாசம் எங்கேயிருந்து வந்துச்சுன்னு கேக்காதீங்க. வந்துச்சு. பேச்சு முடிஞ்சு இறங்கும்போது தலைவரு என் தோளைத் தட்டி, பஹுத் அச்சா, ரொம்ப நல்லா இருந்துச்சுன்னு சொல்லிட்டுப் போனாரு. கனகராஜ் என்னைக் கட்டிப் பிடிச்சு அழுதுட்டாரு.

மறுநாள் காலையில தமிழ்ப் பேப்பர் எல்லாத்துலயும் முதல் பக்கம். ஆறு மாதத்தில் மில் திறப்பு, தலைவர் உறுதி. டிவியில கீழ ஓடுற எழுத்துல அதேதான். நான் மொபைல்ல இந்திப் பேப்பரும் படிப்பேன். அதுல தேடித் தேடிப் பாத்தேன், மில்லையே காணோம். எல்லை, பெருமை, தெற்கில் எழுச்சின்னு போட்டிருந்தான். தெற்கு மக்கள் தேச எழுச்சியைக் கேட்டு ஆர்ப்பரித்தார்கள்னு ஒரு போட்டோ வேற. ஒரே மேடை, ஒரே பொழுது. டெல்லிக்காரனுக்கு ஒரு கூட்டம் நடந்திருக்கு, எங்க ஊர்க்காரனுக்கு வேற கூட்டம் நடந்திருக்கு. ரெண்டு பேருக்கும் சந்தோஷம். அவனும் நம்மள ஒத்துக்கிட்டான், நாமளும் அவனை ஒத்துக்கிட்டோம். தேச ஒற்றுமை தேச ஒற்றுமைன்னு பேசுறாங்களே, அதை ஒரு நாளாவது நடத்திக் காட்டினது யாரு? இதை நான் கர்வத்துல சொல்லல.

அதுக்குப் பெறகு என் குரலைப் பதிவு பண்ணி ஆட்டோவுல கட்டித் தெருத் தெருவா விட்டாங்க. தலைவரு இந்தி ஒரு வரிகூட இல்ல அதுல, என் தமிழ் மட்டும்தான். மில்லு ஓடும், ஓடியே தீரும். சின்னப் பிள்ளைங்க அதைச் சொல்லிச் சொல்லி விளையாடுச்சுங்க. டீக்கடையில எனக்கு எழுந்து இடம் குடுத்தாங்க தம்பி. இந்தி போகுதுன்னவன் வாயால "ஐயா வாங்க"ன்னான். தெருவிலேயே நிக்குற தாத்தாமார் முற்றத்துக்குள்ள வந்து உக்காந்தாங்க. எனக்குக் கண் கலங்கிருச்சு. வாழ்நாள் முழுக்க இந்தி சொல்லிக்குடுத்துக் கிடைக்காத மரியாதை, தமிழ்ல மூணு வரி சொல்லிக் கிடைச்சுது.

மாப்ள வேலாயுதம் போன் பண்ணாரு. திருப்பூருல அவரு தங்கியிருந்த அறையில டிவியில பாத்திருக்காரு. "மச்சான், அந்தத் தலைவரை எனக்குத் தெரியாது. வேற எவன் சொல்லியிருந்தாலும் சேனலை மாத்தியிருப்பேன். உங்க குரலைக் கேட்டேன், உடம்பு சிலிர்த்துப் போச்சு. நெசமா மச்சான்?"ன்னாரு.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "தலைவர் சொல்லியிருக்காரு மாப்ள. பாப்போம்"னேன். பாப்போம்னு சொன்னேனா இல்லையா? பாப்போம்னா என்ன அர்த்தம்? பொறுங்க, அவசரப்படாதீங்கன்னு அர்த்தம். நான் பொறுப்பாத்தான் சொன்னேன். அவரு அதைக் கேட்டுட்டு அடுத்த வாரமே கணக்கை முடிச்சுட்டுப் பெட்டியோட வந்து இறங்கினா நான் என்ன செய்ய?

அவரு மட்டுமில்ல, இன்னும் பல பேரு வந்துட்டாங்க. கோயம்புத்தூர்ல இருந்தவன், சென்னையில செக்யூரிட்டியா இருந்தவன். முதல்ல பேரு குடுக்கிறவனுக்கு முதல்ல வேலைன்னு யாரோ கிளப்பி விட்டுட்டாங்க. தேர்தல் முடிஞ்சு கனகராஜ் ஜெயிச்சாரு. திரும்பி வந்தவங்க மில்லு கேட்டு முன்னால வளந்து கிடந்த சீமைக்கருவேலத்தை வெட்டினாங்க. சுவருக்குச் சுண்ணாம்பு அடிச்சாங்க. கோமு, மாப்ளையோட பழைய காக்கிச் சட்டையைத் தேடி எடுத்துத் துவைச்சுக் காயப்போட்டா. நான் அந்தப் பக்கம் போகும்போதெல்லாம், "அண்ணே, தலைவரு போன் பண்ணாரா?"ன்னு கேப்பா. ஏதோ அவரும் நானும் ஒண்ணா வளந்த மாதிரி. நானும், "பண்ணுவாரு"ன்னு சொல்லி வைப்பேன். ஆசையா கேக்குறவ முகத்துல அடிச்ச மாதிரி எப்படிச் சொல்றது?

ஆறாவது மாசம் ஆயுத பூசை வந்துச்சு. மில்லு ஓடின காலத்துல ஆயுத பூசைன்னா எங்க ஊருக்குத் திருவிழா. உள்ள மிஷினுக்கெல்லாம் மாலை போட்டு, குடும்பத்தோட கூட்டிட்டுப் போய்க் காட்டுவாங்க. இந்தத் தடவை உள்ள போக முடியாதுல்ல, அதனால கேட்டுலயே கும்பிட்டாங்க. வாழைமரம் கட்டி, பொரிகடலை படைச்சு, அந்தப் பூட்டுக்குச் சந்தனம் குங்குமம் வச்சாங்க. மாப்ளதான் வச்சாரு. துவைச்ச காக்கியைப் போட்டுட்டு வந்திருந்தாரு. என்னையும் முன்னால நிறுத்தித் தேங்காய் உடைக்கச் சொன்னாங்க. உடைச்சேன். நல்லாத்தான் உடைஞ்சுது.

அதுக்கு அப்புறம் கொஞ்ச நாள்ல லாரி வந்துச்சு. மில்லைத் திறக்க இல்ல, மிஷினைக் கழட்டிக்கிட்டுப் போக. பழைய இரும்புக்கு ஏலம் போயிருச்சாம், காகிதம் எல்லாம் வச்சிருந்தாங்க. இவங்க லாரிக்கு முன்னால படுத்துட்டாங்க. தலைவர் வாக்கு குடுத்திருக்காரு, எப்படி எடுப்பீங்கன்னு. போலீஸ் வந்துச்சு, பெரிய அதிகாரி ஒருத்தர் வந்தாரு. அப்படி ஒரு வாக்கே யாரும் குடுக்கலைன்னுட்டாரு. டிவிக்காரன் கனகராஜ்கிட்ட மைக்கை நீட்டினான். அந்த மனுசன் கூசாம சொன்னாரு, "தலைவர் அப்படிப் பேசவே இல்லை. அது மொழிபெயர்ப்பாளர் செய்த பிழை. அவர் எங்கள் கட்சிக்காரரும் அல்ல." அவ்வளவுதான். அன்னைக்கே என் படத்தைப் போட்டு மொபைல்ல கேலி கிளம்பிருச்சு. ஒருத்தன் வணக்கம்னு இந்தியில சொல்றான், நான் பக்கத்துல நின்னு வீட்டுக்கு ஒரு யானைன்னு மொழிபெயர்க்கிறேன். பாத்திருப்பீங்க. சிரிச்சிருப்பீங்க. சிரிங்க, பரவாயில்ல.

எனக்கு வயிறு எரியறது எதுக்குத் தெரியுமா? அந்தப் பிழைங்கிற சொல்லுக்கு. பிழைன்னா அர்த்தம் தெரியாம மாத்திச் சொல்றது. எனக்கா தெரியாது? அவரு சொன்ன ஒவ்வொரு சொல்லும் எனக்குத் தெளிவாப் புரிஞ்சுது. நாடு எழும்னு சொல்றாருன்னு தெரிஞ்சேதான் மில்லு ஓடும்னேன். தெரிஞ்சு செஞ்சதைப் போய்ப் பிழைங்கிறதா? ஒரு இந்தி வாத்தியாரைப் பாத்து அப்படிச் சொல்லலாமா?

மறுநாள் சாயந்தரம் லாரியை மறிச்சவங்க எல்லாரும் இங்க வந்தாங்க. பிள்ளைங்க உக்காந்து படிக்கிற இதே முற்றத்துல வந்து உக்காந்தாங்க. அவங்க சத்தம் போட வரல, அதைச் சொல்லணும். கையில மொபைல். தலைவரு கட்சியே டெல்லியில போட்ட வீடியோவாம், அதுல அவரு இந்தி தெளிவாக் கேக்கும். முக்காலியில வச்சுட்டு, "சார், எம்.பி. பொய் சொல்றாரு. இதைக் கேட்டு, தலைவரு சொன்னது இதுதான்னு நீங்க சொல்லிட்டீங்கன்னா நாங்க கோர்ட்டுக்குப் போவோம்"னாங்க. ஊருக்கே இந்தி வாத்தியார் நான்தானே. அதனால என்கிட்டயே வந்தாங்க.

நான் கேட்டேன். கேட்டுட்டு, "கருத்து அதுதான்"னேன். "கருத்து வேண்டாம் சார், வார்த்தை வேணும்"னான் ஒருத்தன். நான் ஒரு சின்ன விளக்கம் சொல்ல ஆரம்பிச்சேன், சொல்லுக்குச் சொல் பெயர்க்கிறது மொழிபெயர்ப்பு ஆகாது, அதுக்கு இலக்கணம் வேறன்னு. அப்ப மங்கை எழுந்தா. அப்பா கூட வந்து வாசப்பக்கம் நின்னுக்கிட்டிருந்தா. "மாமா, நிறுத்தி நிறுத்திப் போடுங்க. நான் சொல்றேன்"னா.

தம்பி, அவ முக்காலிக்கு இந்தப் பக்கம் நின்னா, மேடையில நான் நின்ன மாதிரியே. தலைவரு குரல், தேஷ் ஃபிர் உட்டேகா. இவ, "நாடு மறுபடி எழும்." உடனே வீடியோவுல என் குரல், மூடின மில்லு மறுபடி ஓடும். அடுத்தது. தேஷ் ஃபிர் உட்டேகா. "நாடு மறுபடி எழும்." என் குரல், ஓடும், ஓடியே தீரும். மூணாவது தடவை அவ வாயைத் திறக்கல. திறக்க வேண்டியதும் இல்ல, அதுக்குள்ள எல்லாருக்கும் அந்த இந்தி மனப்பாடம் ஆயிருச்சு.

மாப்ள கேட்டாரு, "அம்மாடி, மில்லுன்னு ஒரு சொல்லுகூட இல்லையா?"

"நூலுன்னு ஒரு தடவை வருதுப்பா. இந்த ஊர் நூலைப் பத்திக் கேள்விப்பட்டிருக்கேன்னு சொல்றாரு. அவ்வளவுதான்."

சும்மா சொல்லக்கூடாது, ஒரு தப்பு இல்ல அவ மொழிபெயர்ப்புல. யாரு சொல்லிக்குடுத்தது? ஆனா உயிர் இல்ல தம்பி. அப்படி மொழிபெயர்த்தா எந்தக் கூட்டத்துலயும் ஒருத்தன் கைதட்ட மாட்டான். அங்கயும் யாரும் தட்டல. ஒவ்வொருத்தரா எழுந்து செருப்பை மாட்டிட்டுப் போயிட்டாங்க. என்னை ஒரு வார்த்தை திட்டல. திட்டியிருந்தா நானும் நாலு வார்த்தை திருப்பிப் பேசியிருப்பேன், மனசு ஆறியிருக்கும்.

மாப்ள மட்டும் கடைசியா நின்னாரு. "மச்சான், நான் தலைவரு பேச்சைக் கேட்டு வரல. உங்க பேச்சைக் கேட்டு வந்தேன்"னாரு. நான், "மாப்ள, மில்லைத் திறக்கிறவன் நானா?"ன்னேன். நியாயமான கேள்விதானே? அவரு மங்கையைக் கூட்டிட்டுப் போயிட்டாரு.

மறுநாள் லாரி போச்சு. யாரும் மறிக்கல, எல்லாரும் ஒதுங்கி நின்னுக்கிட்டாங்க. மாப்ள ஓட்டின மிஷின் ஒரு லாரியில இருந்திருக்கு. அவருக்கு அடையாளம் தெரிஞ்சிருக்கு. அந்த லாரி பின்னாலேயே நடந்தாராம், பஸ் ஸ்டாண்டு வரைக்கும். அங்கேயிருந்து அப்படியே திருப்பூர் பஸ்ஸுல ஏறிட்டாரு. கோமுகிட்ட ஒரு வார்த்தை சொல்லல, மாத்துத் துணி எடுக்கல. பழைய கம்பெனியில அவரு இடத்துல வேற ஆளு. இப்ப அதே கம்பெனி வாசல்ல வாட்ச்மேனா நிக்குறாரு. தனக்குக் கீழ வேலை பாத்த பையங்களுக்குக் கேட்டைத் திறந்து விடுறாரு. ஊருக்கு வர்றதில்ல. மங்கை என்கிட்ட இந்தியிலயும் பேசுறதில்ல, தமிழ்லயும் பேசுறதில்ல.

கோமு என்ன செஞ்சா தெரியுமா? எங்க பக்கத்துல பொங்கலுக்குக் கூடப்பிறந்தவன் பொங்கப்படி குடுக்கணும். எங்கப்பா போன பெறகு ஒரு வருஷம்கூட நான் தவறவிட்டதில்ல. பச்சரிசி, வெல்லம், கரும்புக் கட்டு, மஞ்சக் குலை, பனங்கிழங்கு, எல்லாம் ஆட்டோவுல ஏத்திக்கிட்டு நானே போனேன். வாசல்ல கோலம் போட்டுக்கிட்டிருந்தா. நிமிர்ந்து பாத்தா. எழுந்து வந்து, ஆட்டோக்காரன்கிட்ட, "இதை ஏத்தின இடத்துலயே கொண்டு போய் இறக்கிருங்க"ன்னா. என்கிட்ட இல்ல, ஆட்டோக்காரன்கிட்ட. நான், "கோமு, நான் உனக்கு என்ன கெடுதல் செஞ்சேன்?"ன்னேன். அவ, "எங்க வீட்டுல நீங்க சொன்னா அதுக்கு மறுபேச்சே கிடையாதே அண்ணே. அது உங்களுக்குத் தெரியுமே"ன்னா.

எனக்கு அழுகை வந்துருச்சு, ஆட்டோக்காரன் முன்னால. பொங்கப்படியைத் திருப்பி அனுப்பினா பிறந்த வீடே வேண்டாம்னு அர்த்தம். மில்லை மூடினது சர்க்காரு, மிஷினை வித்தது சர்க்காரு, பொய் சொன்னது எம்.பி., ஒண்ணும் தெரியாம கையை ஆட்டிட்டுப் போனது தலைவரு. தண்டனை எனக்கு. இந்த வருஷமும் வீட்டம்மாகிட்ட குடுத்து விட்டேன். அரிசியைக்கூட எடுக்கல. கரும்பு கொல்லையில காஞ்சு கிடக்கு, வேணும்னா பாருங்க.

நீங்க ஏன் என்னைத் தேடி வந்தீங்கன்னு எனக்குத் தெரியும் தம்பி. மதுரைக்குப் போனா இந்தி தெரிஞ்சவனுக்கா பஞ்சம்? சொன்னதைச் சொன்னபடி சொல்ல ஆயிரம் பேரு இருக்கான். நீங்க அந்த வீடியோவைப் பாத்திருக்கீங்க. அந்தக் கைதட்டலைப் பாத்திருக்கீங்க. சிரிக்கிறீங்க பாருங்க. மத்தவங்க கேலி பண்ணின வீடியோவுல நீங்க தொழிலைப் பாத்திருக்கீங்க. அதுக்கே உங்களுக்கு ஒரு மரியாதை பண்ணணும்.

வீட்டம்மா போகாதீங்கன்னுதான் சொல்லுவா. அவளுக்கு மேடையைப் பத்தி என்ன தெரியும்? பத்தாயிரம் முகம் உங்களையே பாத்துக்கிட்டிருக்க, உங்க வாயிலேயிருந்து ஒரு சொல்லு விழுந்ததும் அத்தனை முகமும் ஒண்ணுபோல மலரும் பாருங்க. அந்த ஒரு நிமிஷம் நான் இந்த ஊர்க்காரனா இருந்தேன் தம்பி. எல்லாரும் என்னை அவங்க ஆளா நினைச்சாங்க. பொய்யா அது? அந்தக் கைதட்டல் பொய்யா?

சரி. வர்றேன். இந்தத் தடவை ஒழுங்கா இருப்பேன், சொன்னதைச் சொல்லுவேன், நீங்க பயப்பட வேண்டாம். காரு அனுப்பிருங்க, பஸ்ஸுல வந்தா தொண்டை கெட்டுரும். தலைவரு பேச்சை முன்கூட்டியே எழுதி அனுப்பணும்னு அவசியமில்ல, அவரு என்ன பேசுவாருன்னு எனக்குத் தெரியும். கூட்டம் நடக்கிற ஊருதான் எனக்குப் புதுசு. ஒண்ணே ஒண்ணு மட்டும் அங்க விசாரிச்சுட்டு எனக்குப் போன்ல சொல்லிருங்க தம்பி.

அந்த ஊருல என்ன மூடிக் கிடக்கு?